மாலிக்குக் கடல் இல்லை

மாலி நாட்டுக்காரன் ஒருவனைக் கினி நாட்டுக்காரன் என்று சொல்லிப் புதைத்துவிட்டோம். நடந்த தப்பு அதுதான்.

அதனால்தான் உங்கள் வினாடி வினாவுக்கு நான் வரவில்லை. காரணம் கேட்டீங்க, சொல்லிவிட்டேன். டீ ஆறுகிறது. குடிங்க.

இன்னும் உட்கார்ந்திருக்கீங்களே தம்பி. மனமகிழ் மன்றத்துச் செயலாளருக்கு வேறு வேலை இல்லையா? கொடுங்க அந்த நோட்டீசை. 'வளரும் நாடுகள்: வரலாறும் புவியியலும்.' ம். நான் துறைமுகத்தில் வேலைக்குச் சேர்ந்த காலத்திலேயே அவற்றை அப்படித்தான் சொன்னார்கள். எனக்குப் பல்லெல்லாம் போயாச்சு. அவை இன்னும் வளர்ந்துகொண்டே இருக்கின்றன.

'கேள்வி கேட்பவர்: கொடி வெயிலுமுத்து.' என்னைக் கேட்காமலே அச்சடித்துவிட்டீர்களா? நல்ல மன்றம். என் பேரை அடித்துவிட்டு வேறு பேர் எழுதுங்க.

கொடி என்று எனக்குப் பட்டம் வந்த கதை உங்களுக்குத் தெரியாது. நீங்க பின்னால் வந்தவர்.

நான் டாலி கிளார்க். கப்பலில் இருந்து இறங்குகிற மூட்டையை எண்ணிக் கோடு போடுகிற வேலை. கப்பல்காரன் சார்பில் ஒருவன் எண்ணுவான், சரக்குக்காரன் சார்பில் ஒருவன் எதிரே நின்று அதே மூட்டையை எண்ணுவான். சாயங்காலம் ரெண்டு பேர் கணக்கும் ஒத்துப்போக வேண்டும். எனக்கு எதிரே நின்றவன் பேரை நான் சொல்ல மாட்டேன். எனக்கும் அவனுக்கும் பேச்சில்லை. எதிராளி என்று வைத்துக்கொள்ளுங்க.

எங்களுக்குள் ஒரு விளையாட்டு. கப்பல் உள்ளே வரும்போது பின்பக்கம் பறக்கிற கொடியைப் பார்த்து நாட்டைச் சொல்ல வேண்டும். நாடு மட்டும் சொன்னால் போதாது. தலைநகரம் எது, யாருக்கு அடிமையாகக் கிடந்தது, எப்போது விடுதலை, பழைய பேர் என்ன, எல்லாம் வர வேண்டும். தோற்றவன் அந்தக் கொடிக்கு நேராக நின்று, குதிகாலைத் தட்டி, சல்யூட் அடிக்க வேண்டும். கிரேன்காரன் கிரேனை நிறுத்திவிட்டு வேடிக்கை பார்ப்பான்.

எதிராளி எத்தனை சல்யூட் அடித்திருப்பான்! லைபீரியாக் கொடியைப் பார்த்து அமெரிக்கா என்றான். "ஒத்தை நட்சத்திரம்வே, கண்ணு அவிஞ்சா போச்சு?" என்றேன். அடித்தான். பர்க்கினா பாசோவின் பழைய பேர் கேட்டேன். முழித்தான். அப்பர் வோல்ட்டா. அடித்தான். தான்சானியாவின் தலைநகரம் தார் எஸ் சலாம்தான் என்று ஒற்றைக் காலில் நின்றான். தொதோமா. அடித்தான்.

நானும் ஒருமுறை அடித்தேன். மங்கோலியா. கடலே இல்லாத நாடு. அதன் கொடியைப் போட்டுக்கொண்டு ஒரு கப்பல் நம்ம ஊரில் வந்து நிற்கிறது. நான் நம்பவில்லை. சிங்கப்பூரில் ஆபீஸ் திறந்து, எவன் கப்பலையும் மங்கோலியாக் கப்பல் என்று பதிந்துகொடுக்கிறார்களாம். அவன் எங்கேயோ தெரிந்து வைத்திருந்தான். அன்றைக்கு அவன் சிரித்த சிரிப்பு இருக்கிறதே... கெட்ட சிரிப்பு இல்லை. அதைக் குறை சொல்லக் கூடாது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

முந்திரிக்கொட்டைக் கப்பல் ஒன்று வந்தது. மேற்கு ஆப்பிரிக்காவில் விளைகிற கொட்டை இந்தப் பக்கம் வந்துதான் உடைபடுகிறது, உங்களுக்கே தெரியும். டக்கார், கொனாக்ரி என்று வழியெல்லாம் துறைமுகம் தொட்டு வந்த கப்பல். நாங்கள் ரெண்டு பேரும் மூட்டை எண்ணிக்கொண்டிருந்தோம். திடீரென்று எதிராளி கத்தினான். "நிப்பாட்டுங்கலே! ஆளு கெடக்கு!"

திருட்டுத்தனமாகக் கப்பல் ஏறி வந்தவன். எங்கெங்கோ ஒளிந்து வந்திருக்கிறான். கரை தெரிந்ததும் மாலுமிகள் கண்ணில் படாமல் இருக்கச் சரக்கறைக்குள் இறங்கியிருக்கிறான். பூச்சி விழாமல் இருக்க மூட்டைக்குப் போட்ட மருந்துப் புகை அங்கே தங்கியிருக்கிறது. நெஞ்செல்லாம் வெந்துபோய்க் கிடந்தான். உயிர் இருந்தது. எதிராளிதான் தோளில் போட்டு ஏணியில் ஏற்றிக்கொண்டு வந்தான். கணக்கு அவன் பக்கம் விட்டுப்போயிற்று. என் கணக்கு சரியாக இருந்தது.

ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். கையில் ஒரு காகிதம் கிடையாது. பேசுகிற பாஷை யாருக்கும் விளங்கவில்லை. எந்த நாடு என்று தெரிந்தால்தான் அந்த நாட்டுத் தூதரகத்துக்குச் சொல்ல முடியும். அங்கிருந்துதான் அவன் பாஷை தெரிந்த ஒருவன் போனில் வருவான். வீட்டுக்குத் தகவல் போகும். டாக்டர் வேறு அவசரப்படுத்தினார். "ரொம்ப நாள் தாங்காது. அவங்க வீட்டு ஆளுக யார்கிட்டயாவது ஒரு வார்த்தை பேசவைக்க முடியுமான்னு பாருங்க."

"துறைமுகத்துல கொடி வெயிலுமுத்துன்னு ஒருத்தர் இருக்காராம்" என்று யாரோ சொல்ல, இமிகிரேஷன் அதிகாரி ஜீப் அனுப்பினார். எனக்கு. ஒரு டாலி கிளார்க்குக்கு. முன் சீட்டு. எதிராளி பின்னால் தொற்றிக்கொண்டான். அவனை யாரும் கூப்பிடவில்லை.

கட்டிலில் கிடந்தவனுக்கு இருபது வயதுக்கு மேல் இருக்காது. மூச்சு இழுத்து இழுத்து வந்தது. "கன்ட்ரி? கன்ட்ரி?" என்றேன். கையால் உலகம் மாதிரி வட்டம் போட்டுக் காட்டினேன்.

"மாலி" என்றான்.

"மாலின்னு சொல்லுதான்" என்றான் எதிராளி.

"எனக்கும் காது இருக்குவே" என்றேன்.

தம்பி, நீங்க படித்தவர், யோசித்துப் பாருங்க. திருட்டுக் கப்பல் ஏறுகிறவன் சொந்த நாட்டைச் சொல்வானா? சொன்னால் அங்கேயே திருப்பி அனுப்பிவிடுவார்கள். பக்கத்து நாட்டைத்தான் சொல்வான். துறைமுகத்தில் எவனைக் கேட்டாலும் இதைச் சொல்வான். அதோடு மாலிக்குக் கடல் கிடையாது. ஏழு நாடு சுற்றி நிற்கிறது. எந்தப் பக்கம் நடந்தாலும் மண்தான். கடலைக் கண்ணால் பார்க்காத ஊர்க்காரனுக்குக் கப்பலில் எங்கே ஒளிவது என்று எப்படித் தெரியும்? கினிக்குக் கடல் உண்டு. கப்பல் கினியின் தலைநகரத்திலேயே நின்று சரக்கு ஏற்றியிருக்கிறது. எது பொருந்துகிறது? நீங்களே சொல்லுங்க.

இருந்தும் நான் எடுத்தேன் கவிழ்த்தேன் என்று சொல்லிவிடவில்லை. மறுநாள் கலர் பென்சிலோடு போனேன். கினிக் கொடி, கம்பத்துப் பக்கம் இருந்து சிவப்பு, மஞ்சள், பச்சை. மாலிக் கொடி பச்சை, மஞ்சள், சிவப்பு. ரெண்டும் நெட்டுவாக்கில் மூன்று பட்டைதான். ஒன்றைத் திருப்பிப் பிடித்தால் மற்றது. கினிக் கொடியை வரைந்து அவன் கையில் கொடுத்தேன்.

சிரித்தான் தம்பி. அந்த நிலைமையிலும் முகம் அப்படி மலர்ந்தது. காகிதத்தை வாங்கினான், தலைகீழாகத் திருப்பினான், நெஞ்சில் வைத்துக்கொண்டான்.

பள்ளிக்கூடத்துப் பக்கம் போகாத பயல், காகிதம் பிடிக்கத் தெரியவில்லை என்று நான் அதை நேராக வைத்தேன். அவன் மறுபடி திருப்பினான். நான் மறுபடி நேராக வைத்தேன். அப்புறம் விட்டுவிட்டான். கண்ணை மூடிக்கொண்டான்.

"பாத்தீரா? ஒத்துக்கிட்டான்" என்றேன்.

"ஒத்துக்கிடலவே. அவனுக்குத் திராணி இல்ல."

"மாலிக்குக் கடல் இல்லவே!"

"மங்கோலியாவுக்கு மட்டும் இருக்காக்கும்?"

"அது கப்பல். இது மனுஷன்."

"அதைத்தான் நானும் சொல்லுதேன்" என்றான்.

இப்படித்தான் அவன் பேச்சு. ஒன்றுக்கொன்று சம்பந்தம் இருக்காது. அப்புறம் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, தன் நெஞ்சைத் தொட்டுத் தன் பேரைச் சொன்னான். அந்தப் பயல் நெஞ்சைத் தொட்டு, "நீ?" என்றான். பயல் கண்ணைத் திறக்காமல் "தெம்பா" என்றான்.

எனக்கு எரிச்சல். "பேரை வச்சு என்னவே செய்யப்போறீரு? தெம்பான்னு ஒரு நாடு இருக்கா? தெம்பாவுக்குத் தலைநகரம் இருக்கா?"

அதிகாரி வாசலில் காத்திருந்தார். "உறுதியா சொல்லலாமா சார்?" என்றார். சார் என்றார். "கினி" என்றேன். "மாலி சார், அவனே சொல்லுதான்" என்று எதிராளி குறுக்கே விழுந்தான். அதிகாரி அவனை மேலும் கீழும் பார்த்துவிட்டு என்னிடம், "இவர் யாரு?" என்றார்.

"கூட வந்தவரு" என்றேன். வேறு என்ன சொல்ல? கூடத்தானே வந்தான்?

டில்லிக்குத் தகவல் போனது. விசாரித்துப் பதில் வர நாளாகும்தானே. எதிராளி வேலை முடிந்ததும் ஆஸ்பத்திரிக்குப் போய்விடுவான். என் வீட்டுக்காரி சந்தனமாரி தூக்குச்சட்டியில் கஞ்சி கொடுத்துவிடுவாள், அவன் கொண்டுபோவான். நான் போகவில்லை. என் வேலை முடிந்துவிட்டது. நாட்டைச் சொன்னேன், அவ்வளவுதான் என்னைக் கேட்டார்கள்.

போன் ஒலிப்பதற்குள் பயல் போய்விட்டான். கடைசி வரை வாசலையே பார்த்துக்கொண்டு கிடந்தானாம், யாரோ வரப்போகிற மாதிரி. படுத்தபடியே தொழுவான் என்று நர்சுகள் சொன்னதால் ஜமாத்துக்காரர்கள் வந்து எடுத்து, முறையாக அடக்கம் செய்தார்கள். நல்ல மனிதர்கள். கல்லில் என்ன எழுதுவது என்று என்னைக் கேட்டார்கள். 'கினி நாட்டவர்' என்று எழுதச் சொன்னேன். பேரா? தெம்பா என்று தெரியும்தான். அது உண்மைப் பேர் என்று யார் கண்டது?

அதற்குப் பிறகு டில்லியில் இருந்து பதில் வந்தது. கினியில் அப்படி ஒரு ஆள் இல்லை என்று. அதனால் என்ன? திருடிக் கப்பல் ஏறினவனை எந்த நாடு தன் பிள்ளை என்று ஒத்துக்கொள்ளும்?

அடுத்த கப்பல் வந்தது. பனாமாக் கொடி. சின்னப் பிள்ளைகூடச் சொல்லும். "பனாமா!" என்றேன். எதிராளி வாய் திறக்கவில்லை. சல்யூட்டும் இல்லை. டீக்கடையில் வைத்துக் கேட்டேன், "என்னவே, வெளையாட்டை மறந்துட்டீரா?" கிரேன்காரன், மூட்டைக்காரர்கள், எல்லாரும் இருந்தார்கள். எல்லார் முன்னாலும் சொன்னான்:

"உமக்கு நாடு தெரியும்வே. ஆளு தெரியாது."

டீயை அப்படியே வைத்துவிட்டு எழுந்து போனான்.

ஒரு மனுஷனைப் பார்த்துச் சொல்லுகிற வார்த்தையா தம்பி அது? நான் அவனுக்கு என்ன கெடுதல் செய்தேன்? பர்க்கினா பாசோ தெரியாதவன் என்னைச் சொல்கிறான். ஷிப்ட் மாற்றிக்கொண்டு போய்விட்டான். நானும் விட்டுவிட்டேன். ரெண்டு தெரு தள்ளித்தான் வீடு. அந்தத் தெரு வழியாக நான் போகிறதில்லை. பஸ் நிற்கிற இடத்துக்குச் சுற்றித்தான் போவேன். சுற்று என்றால் பெரிய சுற்று ஒன்றும் இல்லை.

அவன் என்ன செய்தான் தெரியுமா? பயல் உயிரோடு இருந்தபோது ஒரு போட்டோ எடுத்து வைத்திருந்திருக்கிறான். ரிட்டயர் ஆன பிறகும் ஆப்பிரிக்கக் கப்பல் வந்தால் போதும், மாலுமிகள் வந்து உட்காருகிற கிளப் வாசலில் போய் நிற்பானாம். போட்டோவைக் காட்டி, "தெம்பா, மாலி. தெம்பா, மாலி" என்பானாம். வேற்றுப் பாஷையில் அவனுக்குத் தெரிந்தது அந்த ரெண்டு வார்த்தைதான். வருஷக்கணக்காக. மாலுமிப் பயல்கள் சிரிப்பார்களாம். பைத்தியம் என்று பேர் வாங்கினான். எனக்குக் காதில் விழும். நான் கண்டுகொள்ளவில்லை.

கடைசியில் செனகல்காரன் ஒருவன், என்ஜின் அறையில் வேலை பார்க்கிறவன், நின்று பார்த்திருக்கிறான். போட்டோவைத் தன் போனில் பிடித்துக்கொண்டு போயிருக்கிறான். அவனுக்குத் தெரிந்தவர்களுக்கு அனுப்பி, அவர்கள் அவர்களுக்குத் தெரிந்தவர்களுக்கு அனுப்பி, மாலியில் காயே என்று ஒரு ஊர், அந்த ஊர்ச் சந்தையில் ஒரு அம்மா பார்த்துவிட்டாள். தன் மகன் என்று சொல்லிவிட்டாள்.

காயே எனக்குத் தெரியாத ஊர் இல்லை. செனகல் ஆற்றங்கரை. அங்கிருந்து டக்கார் துறைமுகத்துக்கு ரயில் ஓடியது. பிரெஞ்சுக்காரன் போட்ட பாதை. ரயிலில் ஏறினால் கடலில்தான் போய் இறங்க வேண்டும். அதெல்லாம் எனக்குத் தெரியும். என்னை யாரும் ரயிலைப் பற்றிக் கேட்கவில்லை.

ஒருநாள் சந்தனமாரி மார்க்கெட்டுக்கு என்று சொல்லிப் போனவள் வெகுநேரம் கழித்து வந்தாள். பை காலியாக இருந்தது. கையில் பிடித்த பையைக் கீழே வைக்காமலே உட்கார்ந்துவிட்டாள்.

"அண்ணன் கூப்பிட்டு விட்டிருந்தாரு" என்றாள். அவனைத்தான் அண்ணன் என்பாள். "அந்தப் பையனோட அம்மா போன்ல வந்தாங்க. பொம்பளையாளு ஒருத்தர் கூட இருந்தா அந்தம்மாவுக்கு ஆறுதலா இருக்கும்னாரு."

"எங்க?"

"கபர்ஸ்தானுக்கு. நான் உள்ள போகல. சுவருக்கு இந்தப் பக்கம் நின்னேன். அண்ணன் உள்ள போயி, போனை அந்தக் கல்லு பக்கத்துல மண்ணுல வச்சாரு. சத்தமா வச்சாரு, எனக்குக் கேட்டுச்சு. அந்தம்மா பேசிச்சு. அழல. சும்மா வீட்டுல பிள்ளைகிட்டப் பேசுவோம்லா, அப்படி. ரொம்ப நேரம். நிறுத்தி நிறுத்திப் பேசிச்சு."

"ஏன் நிறுத்தணும்?" என்றேன்.

"பதிலுக்கு" என்றாள்.

காலிப் பையை அவள் கையில் இருந்து வாங்கிக் கீழே வைத்தேன்.

"பொறவு அண்ணன் போனை வெளியில கொண்டாந்து எங்கிட்டக் குடுத்தாரு. எனக்கு என்ன பேசத் தெரியும்? நாந்தாம்மா கஞ்சி குடுத்துவிட்டேன், நல்லாக் குடிச்சான்னு சொன்னேன். புரிஞ்சுதோ என்னமோ. அந்தம்மாவும் என்னமோ சொன்னாங்க."

"அவன் என்னைப் பத்தி ஏதாவது சொன்னானா?"

"இல்ல" என்றாள். எழுந்து உள்ளே போய்விட்டாள்.

இல்லையாம். ஒரு வார்த்தை திட்டக்கூட இல்லையாம்.

போன பங்குனியில் அவன் செத்துப்போனான். தூக்கத்திலேயே. சந்தனமாரி போனாள். நான் மாதா கோயில் வரைக்கும் போகவில்லை. எதிரே சைக்கிள் கடை இருக்கிறது, அங்கே டயருக்குக் காற்று அடிக்கிற மாதிரி நின்றேன். என்னிடம் சைக்கிள் கிடையாது. பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனார்கள். பெட்டிக்கு மேல் கொடி கிடி ஒன்றும் இல்லை, பூ மட்டும்தான்.

அங்கிருந்து நடந்து கபர்ஸ்தானுக்குப் போனேன். வீட்டுக்குப் போகிற வழி இல்லைதான். போனேன். கல்லைத் தேடினேன். நான் சொல்லி எழுதின எழுத்தைச் சுரண்டி எடுத்துவிட்டுப் புதிதாகப் பெயிண்ட் அடித்திருந்தது. கோணல்மாணலான எழுத்து. 'தெம்பா. மாலி.' கீழே மூன்று பட்டை. பச்சை, மஞ்சள், சிவப்பு. கம்பத்துப் பக்கம் பச்சை. சரியாக இருந்தது. சரிபார்த்தேன்.

தோற்றவன் சல்யூட் அடிக்க வேண்டும். குதிகாலைச் சேர்த்து நின்றேன். கையைத் தூக்கினால் தோளுக்கு மேல் வரவில்லை. வாதம். டாக்டரும் சொல்லியிருக்கிறார். கொஞ்ச நேரம் அப்படியே நின்றுவிட்டு வந்தேன்.

மாலிக்குக் கடல் இல்லை என்பது இன்றைக்கும் சரிதான் தம்பி. எந்தப் புத்தகத்தில் வேண்டுமானாலும் பாருங்க.

சும்மா அனுப்ப மனசில்லை, ஒரு கேள்வி தருகிறேன், எழுதிக்கொள்ளுங்க. மாலிக் கொடியில் முதலில் ஒன்று இருந்தது, விடுதலைக்கு அடுத்த வருஷம் எடுத்துவிட்டார்கள். அது என்ன? யாரும் சொல்ல மாட்டார்கள். நடுவில், மஞ்சள் பட்டையில், கறுப்புக் கோட்டில் ஒரு மனிதன். ரெண்டு கையையும் மேலே தூக்கிக்கொண்டு நிற்பான். அவனை எடுத்த பிறகுதான் கினிக்கும் அதற்கும் வித்தியாசம் தெரியாமல் போயிற்று. ஆள் இருந்திருந்தால் எப்படித் திருப்பிப் பிடித்தாலும் தெரிந்திருக்கும்.

கிளம்புங்க, நேரமாகிறது. என்ன? கல்லில் மாற்றி எழுதினது யார் என்றா கேட்கிறீங்க? இத்தனை நேரம் அவனைத்தானே சொல்லிக்கொண்டிருந்தேன்?

பேரா?

நோட்டீசை இப்படிக் கொடுங்க. என் பேரை அடித்த இடத்தில் நானே எழுதித் தருகிறேன். பேனாவையும் கொடுங்க.

செலஸ்டின். செலஸ்டின் மோத்தா.